குளத்துக் கட்டுரைக்கு எத்தனை புள்ளி?

விக்கிப்பீடியாக் கட்டுரை ஒன்று தரமானதா என்று கேட்டால் எங்களில் அநேகம் பேர் முதலில் செய்வது, போன் திரையில் விரலை வைத்துத் தள்ளிப் பார்ப்பதுதான். தள்ளத் தள்ள வந்துகொண்டேயிருந்தால் நல்ல கட்டுரை. இரண்டு தள்ளில் முடிந்துவிட்டால், "சும்மா பேருக்கு எழுதிப் போட்டிருக்கிறாங்கள்." இந்த அளவுகோலில் முதலில் அடிபடுவது இலங்கையின் வடக்கிலுள்ள எங்கள் வன்னி. குளமும் காடும் சிறு கோயிலுமாக இருக்கிற எங்கள் ஊர்களைப் பற்றி எத்தனை பேர் புத்தகம் எழுதியிருக்கிறார்கள்? இருக்கிற கொஞ்ச ஆதாரத்தை வைத்து ஒழுங்காக எழுதினால் இரண்டு பந்திதான் வரும்.

நான் கிளிநொச்சிப் பக்கத்தில் படிப்பிக்கிறேன். பள்ளிக்கூடம் விட்டபிறகு உயர்தர வகுப்புப் பிள்ளைகள் சிலர் தங்கள் ஊர்களைப் பற்றித் தமிழ் விக்கிப்பீடியாவில் எழுதுகிறார்கள், பெரும்பாலும் போனில். அதை வாசித்து, கட்டுரையோடு சேர்ந்திருக்கிற பேச்சுப் பக்கத்தில் கருத்துப் போடுவது என் பங்கு. விடைத்தாள் திருத்திப் பழகிய கைக்கு இது சுலபம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். விடைத்தாளுக்குப் புள்ளித்திட்டம் கையில் இருக்கும். எழுதியவர் ஒருவர். கட்டி வாங்கிய பிறகு தாள் மாறாது. விக்கிக் கட்டுரையில் இந்த மூன்றுமே கிடையாது. இன்று காலை நான் வாசித்த கட்டுரை மத்தியானம் வேறொன்றாக இருக்கும், அதில் ரொறன்ரோவில் இருக்கும் ஒருவரின் கையும் மதுரையில் இருக்கும் ஒருவரின் கையும் பட்டிருக்கும்.

எங்கள் குழுவில் ஒரு பிள்ளை தன் ஊர்க் குளத்தைப் பற்றி எழுதியிருந்தாள். யாரோ வந்து 'குறுங்கட்டுரை' வார்ப்புருவை, அதாவது கட்டுரையில் ஒட்டுகிற அடையாளக் குறிப்பை, போட்டுவிட்டுப் போய்விட்டார். அவளுக்குப் பொறுக்கவில்லை.

"ரீச்சர், என்ரை கட்டுரையைக் குறுங்கட்டுரை எண்டு போட்டிட்டாங்கள். அங்கை ஒரு அமெரிக்க நடிகையின்ரை கட்டுரை கிடக்கு, முழ நீளத்துக்கு. வாசிச்சா ஒரு வரி விளங்கேல்லை. அதுக்கு ஒண்டும் போடேல்லை. இது நியாயமோ?"

நியாயமில்லைத்தான். ஆனால் எந்த இடத்தில் நியாயம் தவறியது என்று பார்க்கவேண்டும். குறுங்கட்டுரை என்பது வசைச்சொல் இல்லை. 'இன்னும் எழுத இடமிருக்கிறது, வாருங்கள்' என்ற அழைப்பு, அவ்வளவுதான். அதைக் குறைந்த புள்ளியாக வாசிக்கப் பழகியது நாங்கள். மற்றது, அந்த நீளமான கட்டுரையை யாரும் வாசிக்கவில்லை, அளந்துதான் பார்த்திருக்கிறார்கள்.

அளப்பது என்றால் எதை அளக்கிறோம்? விக்கிப்பீடியாவின் வரலாற்றுப் பக்கத்தில் ஒவ்வொரு தொகுப்புக்கும் பக்கத்தில் பச்சையிலோ சிவப்பிலோ ஓர் எண் நிற்கும். அது பைட் கணக்கு. யூனிகோடு எழுத்தைச் சேமிக்கிற யுடிஎஃப்-8 முறையில் ஆங்கில எழுத்து ஒன்றுக்கு 1 பைட், தமிழ்க் குறியீடு ஒன்றுக்கு 3 பைட். உயிர்க்குறியும் புள்ளியும் தனித்தனிக் குறியீடுகள். 'கொக்கிளாய்' என்று எழுதிப் பாருங்கள். கண்ணுக்கு 5 எழுத்து. கணினிக்கு அது 10 குறியீடு, 30 பைட். அதே ஊர்ப்பெயரை ஆங்கிலத்தில் எழுதினால் 8 பைட்டோடு முடிந்துவிடும். ஆகவே ஒரு தமிழ்க் கட்டுரை 9,000 பைட் என்று வரலாற்றுப் பக்கம் காட்டினால், உள்ளே இருப்பது 3,000 குறியீடு மட்டில்தான். போட்டிகளில் பைட் கணக்கு வைத்து ஓடுகிறவர்களுக்கு இது வசதி. வாசிக்கிறவருக்கு அதனால் ஒரு பிரயோசனமும் இல்லை.

இந்தக் குழப்பம் விக்கியில் உள்ளவர்களுக்குத் தெரியாததல்ல. எல்லா மொழி விக்கிப்பீடியாக்களிலும் இருக்கவேண்டியவை என்று 1000 கட்டுரைகளின் பட்டியல் ஒன்று உண்டு. அந்த ஆயிரமும் ஒவ்வொரு மொழியிலும் எவ்வளவு நீளம் என்று பார்த்து மொழிகளைத் தரப்படுத்துகிறார்கள். அங்கே பைட்டை விட்டு எழுத்துகளை எண்ணுகிறார்கள். மொழிக்கு மொழி எழுத்துச் செறிவு வேறு என்பதால் ஒவ்வொரு மொழிக்கும் ஓர் எடையையும் போட்டுப் பெருக்குகிறார்கள். பாராட்டவேண்டிய கவனம். ஆனாலும் கடைசியில் பார்ப்பது நீளத்தைத்தான். அந்த ஆயிரத்தில் எங்கள் இரணைமடுக் குளம் வரப்போவதும் இல்லை.

ஆங்கில விக்கிப்பீடியாவில் தரப்படுத்தல் ஒரு பெரிய ஏற்பாடாகவே வளர்ந்திருக்கிறது. குறுங்கட்டுரையில் தொடங்கி, தொடக்க நிலை, சி, பி என்று ஏறி, 'நல்ல கட்டுரை', அதற்கு மேல் 'சிறப்புக் கட்டுரை' என்று போகும். கீழ்த்தட்டுகளை யாரும் பேச்சுப் பக்கத்தில் குறித்துவிடலாம். நல்ல கட்டுரைக்கு, எழுதாத ஒருவர் இருந்து வரி வரியாகப் பார்த்துச் சொல்லவேண்டும். சிறப்புக் கட்டுரைக்குப் பலர் கூடி விவாதித்து உடன்படவேண்டும். எழுத்து நன்றாக இருக்கிறதா, பொருளை முழுதாகத் தொட்டிருக்கிறதா, ஆதாரம் உண்டா, நடுநிலையா, நாளுக்கு நாள் சண்டைபோட்டு மாறாமல் நிலைத்து நிற்கிறதா என்று கேட்பார்கள். கொடுத்த தரத்தைப் பிறகு பறிக்கவும் வழி இருக்கிறது. எனக்கு இதில் மிகவும் பிடித்த விஷயம் அதுதான். தரம் என்பது அந்தப் பதிப்புக்குக் கொடுத்தது. கட்டுரைக்கு ஆயுட்கால விருது கிடையாது.

ஆனால் கட்டுரைகளோ லட்சக்கணக்கில் பெருகிக்கொண்டு போகின்றன, வாசித்துச் சொல்ல ஆள் இல்லை. 2015-இல் ஓரெஸ் என்ற இயந்திரக் கற்றல் சேவையை விக்கிமீடியா அறக்கட்டளை கொண்டுவந்தது. மனிதர்கள் ஏற்கெனவே தரம் குறித்த கட்டுரைகளைப் பார்த்துப் பழகி, புதிய கட்டுரை எந்தத் தட்டில் வரும் என்று அது ஊகித்தது. ஓரெஸை இப்போது விலக்கிவிட்டார்கள், அதே ஊகிப்பை அதற்குப் பின் வந்த சேவை செய்கிறது. நீளம், அடிக்குறிப்புகளின் எண்ணிக்கை, தலைப்புகள், படங்கள், இணைப்புகள் போன்றவை அதற்கு அடையாளம். கட்டுரை சொல்வது சரியா பிழையா என்று அது பார்ப்பதில்லை, பார்க்கவும் முடியாது. ஆயிரம் கட்டுரைகளில் எதை முதலில் கையில் எடுப்பது என்று வரிசைப்படுத்த அது உதவும். ஒரு பிள்ளையின் கட்டுரைக்கு அதை வைத்துத் தீர்ப்புச் சொன்னால், எடை போட்டு மாம்பழத்தின் இனிப்பைச் சொன்ன கதைதான்.

அந்த நடிகைக் கட்டுரை மாதிரியானவை எங்கிருந்து வந்தன என்பதற்கும் ஒரு வரலாறு இருக்கிறது. 2009 தொடக்கம் கூகிள் நிறுவனம் தன் மொழிபெயர்ப்புக் கருவியைக் கொண்டு, கூலிக்கு ஆள் வைத்து, ஆங்கிலக் கட்டுரைகளைத் தமிழ் உள்ளிட்ட மொழிகளுக்குக் கொண்டுவந்து குவித்தது. எண்ணிக்கையும் நீளமும் மளமளவென்று ஏறின. வாக்கியங்கள் "அவர் விமர்சனரீதியாகப் பாராட்டப்பட்ட ஒரு செயல்திறனை வழங்கினார்" என்கிற ரகம். தமிழ் விக்கிப்பீடியர்கள் பார்த்துக்கொண்டு இருக்கவில்லை. கட்டுரைகளைப் பரிசீலித்து, குறைகளைத் தொகுத்து, 2010-இல் போலந்தின் க்டான்ஸ்க் நகரில் நடந்த விக்கிமேனியா மாநாட்டில் அதை முன்வைத்தார்கள். நீளமும் அடிக்குறிப்பும் படமும் எல்லாம் இருந்தும் வாசிக்க முடியாத கட்டுரைக்கு என்ன தரம் என்ற கேள்வியை எங்கள் மொழிக்காரர் அப்போதே எழுப்பிவிட்டார்கள் என்பது எனக்குப் பெருமை. இன்றைக்குச் செயற்கை நுண்ணறிவில் ஒரு சொடுக்கில் அப்படியான கட்டுரை வருகிறது. வாக்கியம் முன்னைவிட வழவழப்பு, ஆபத்தும் முன்னைவிட அதிகம்.

வாசகர்களையே கேட்டுவிடலாமே என்ற யோசனையும் வந்தது. 2010-இல் ஆங்கில விக்கிப்பீடியாவில் கட்டுரைகளின் அடியில் நட்சத்திரம் போடும் பெட்டி ஒன்று பரீட்சார்த்தமாக வந்தது. நம்பகம், நடுநிலை, முழுமை, எழுத்து என்று நான்குக்கும் தனித்தனியாக நட்சத்திரம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கட்டுரைக்குப் போடவேண்டிய நட்சத்திரம் கட்டுரையின் பொருளுக்கு விழுந்தது. ஒரு பாட்டுக்காரரைப் பிடிக்காதவருக்கு அவரைப் பற்றிய நல்ல கட்டுரையும் பிடிக்காது. சில வருடங்களில் அதைக் கைவிட்டார்கள். இது வெள்ளைக்காரனின் பலவீனம் என்று சிரிக்கவேண்டாம். எங்கள் ஊர்க் கோயிலைப் பற்றிய கட்டுரைக்கு நாங்கள் எத்தனை நட்சத்திரம் போட்டிருப்போம் என்று யோசித்துப் பாருங்கள்.

அதனால்தான் 2005-இல் 'நேச்சர்' அறிவியல் இதழ் செய்த ஒப்பீட்டை நான் அடிக்கடி பிள்ளைகளுக்குச் சொல்வது. விக்கிப்பீடியாவிலிருந்தும் பிரிட்டானிக்காவிலிருந்தும் ஒரே தலைப்பிலான அறிவியல் கட்டுரைகளை எடுத்து, எது எங்கிருந்து வந்தது என்று சொல்லாமல் அந்தந்தத் துறை வல்லுநர்களிடம் கொடுத்தார்கள். 42 சோடிகள் தேறின. பாரிய பிழைகள் இரண்டு பக்கமும் நாலு நாலு. சிறு பிழைகளும் விடுபாடுகளும் திரிபுகளுமாக விக்கிப்பீடியாவில் 162, பிரிட்டானிக்காவில் 123. அடுத்த வருடம் பிரிட்டானிக்கா கோபித்துக்கொண்டு நீண்ட மறுப்பு வெளியிட்டது, நேச்சர் தன் முடிவில் நின்றது. யார் வென்றார் என்பதை விடுங்கள். பெயரை மறைத்துக் கொடுத்தார்களே, அது முக்கியம். இந்தக் கட்டுரையை எழுதியது ஒன்பதாம் ஆண்டுப் பிள்ளையா, பேராசிரியரா, இன்னாரின் மகனா என்று தெரியாமல் வாசிக்க முடிந்தால் பாதிப் பக்கச்சார்பு அங்கேயே போய்விடும். விக்கியில் புனைபெயர் இருப்பதால் அது ஓரளவு தானாகவே நடக்கிறது. நான் மட்டும் எங்கள் பிள்ளைகளின் புனைபெயர் எல்லாவற்றையும் தெரிந்து வைத்திருக்கிறேன், அதனால் இறுதித் தரம் குறிப்பதற்கு நான் பொருத்தமான ஆளே இல்லை. கருத்துச் சொல்வேன். தரத்தைக் குழுவுக்கு வெளியே இருப்பவர் குறிக்கட்டும்.

இனி வன்னிக்கு வருவோம்.

எங்கள் ஊர்க் கட்டுரைகளில் வெளியாட்கள் கண்டுபிடிக்கிற முதல் குறை, "சனத்தொகை விபரம் முழுமையாக இல்லை." இருக்காதுதான். 1981-க்குப் பிறகு 1991-இல் குடிசன மதிப்பீடு நடக்கவேயில்லை. 2001-இல் நடந்தபோது யுத்தத்தால் வடக்கில் பெரும்பகுதி விடுபட்டது. முழுமையாக எண்ணியது 2012-இல்தான். இடையில் 31 வருடம் வெறுமை. கிளிநொச்சிக்கு இன்னொரு சிக்கலும் உண்டு: அது தனி மாவட்டமானது 1984-இல். 1981 கணக்கில் கிளிநொச்சியைத் தேடினால் யாழ்ப்பாண மாவட்டத்துக்குள்தான் கிடைக்கும். இது தெரியாமல் ஒருவர் கட்டுரையைக் குறைத்து மதிப்பிட்டால் தவறு அவருடையது. இந்த வெறுமையை ஒரு வரியில் விளக்கி ஆதாரத்தோடு எழுதியிருந்தால், அட்டவணையில் மூன்று வரிசை காலியாக இருந்தாலும் அது முழுமையான கட்டுரை என்பேன். அந்த ஒரு வரிகூட இல்லாமல் 2012 கணக்கை மட்டும் போட்டுவிட்டு இருந்தால் முழுமையில்லை. காலியான இடம் இரண்டிலும் ஒன்றுதான், புள்ளி ஒன்றாக இருக்க முடியாது.

முழுமை பற்றிப் பேசும்போது முறிகண்டிப் பிள்ளையார் ஞாபகம் வருகிறார். ஏ9 வீதியில் போகிற வாகனம் அங்கே நிற்காமல் போகாது. கோயில் கட்டுரையில் அங்கேயுள்ள கச்சான் (நிலக்கடலை) கடைகளைப் பற்றி எழுதலாமா கூடாதா என்று எங்கள் பெடியளுக்குள் ஒரு முழுப் பின்னேரம் வாக்குவாதம் நடந்தது. கலைக்களஞ்சியத்துக்குக் கச்சான் எதற்கு என்றது ஒரு கட்சி. கச்சான் இல்லாத முறிகண்டி எந்த ஊரில் இருக்கிறது என்றது மற்றது. நான் இரண்டாவது கட்சி. ஆதாரம் காட்டினால் எழுதலாம்.

ஆதாரம். எல்லாம் வந்து முட்டுகிற இடம் இதுதான். அடிக்குறிப்பு எத்தனை என்று எண்ணுவதில் பொருளில்லை, திறந்து பார்க்கவேண்டும். என் பழக்கம் இது: கட்டுரையில் ஏதாவது மூன்று வாக்கியங்களைத் தெரிந்தெடுப்பேன். ஒன்று எண் உள்ளது, ஒன்று ஆட்கள் கோபப்படக்கூடியது, ஒன்று சாதாரணமானது. மூன்றின் அடிக்குறிப்பையும் திறந்து, அங்கே அந்தச் சங்கதி உண்மையில் இருக்கிறதா என்று பார்ப்பேன். ஆச்சரியப்படுவீர்கள், பல நேரம் இருக்காது. இணைப்பு செத்திருக்கும். அல்லது கட்டுரை இரணைமடுவைப் பற்றி, ஆதாரம் பொதுவாக நீர்ப்பாசனத்தைப் பற்றி. இன்னும் மோசமானது, சுற்றிவருகிற ஆதாரம்: விக்கியைப் பார்த்து ஒரு செய்தித்தளம் எழுதும், அந்தச் செய்தித்தளத்தை விக்கி ஆதாரமாகக் காட்டும். கண்டுபிடிக்க வழி, தேதி பார்ப்பது. விக்கியின் வரலாற்றுப் பக்கத்தில் அந்த வாக்கியம் எப்போது ஏறியது, தளத்தில் எப்போது வந்தது? விக்கியில் முதலில் ஏறியிருந்தால் சந்தேகப்படவேண்டியதுதான்.

எங்கள் ஊர்களுக்கு ஆதாரமே இல்லை என்று சொல்வதும் சோம்பேறித்தனம். 2005 முதல் நடக்கிற 'நூலகம்' எண்ணிம நூலகத்தில் ஈழத்துப் பத்திரிகைகள், பாடசாலை மலர்கள், பிரதேச சாகித்திய விழா மலர்கள், கும்பாபிஷேக மலர்கள் என்று ஏராளம் கிடக்கின்றன. கச்சேரியின் (மாவட்டச் செயலகத்தின்) புள்ளிவிவரக் கையேடு இருக்கிறது. பிரித்தானிய நிருவாகி ஜே. பி. லூயிஸ் 1895-இல் வெளியிட்ட வன்னி மாவட்டங்களின் கைந்நூல் இணையத்திலேயே கிடைக்கும். ஆனால் ஓர் ஆதாரம் எதற்கு நம்பகமானது என்று கேட்கவேண்டும். கும்பாபிஷேக மலர் கும்பாபிஷேகம் நடந்த தேதிக்கும், அப்போதைய தர்மகர்த்தா சபைக்கும், தேர் யார் செய்தது என்பதற்கும் முதல்தரச் சான்று. அதே மலர் கோயில் இரண்டாயிரம் வருடம் பழையது என்று சொன்னால் அது பக்தி. லூயிஸ் தான் கண்ட குளங்களையும் ஊர்களையும் கணக்கெடுத்து எழுதியதை எடுக்கலாம். சனங்களின் குணம் பற்றி அவர் சொல்வது, வரி வாங்க வந்தவரின் கண்ணுக்குப் பட்டது. ஆதாரங்களை 'நல்லது', 'கெட்டது' என்று இரண்டு பெட்டியில் போடுகிறவர்கள் தமிழ் விக்கியிலும் இருக்கிறார்கள், ஆங்கிலத்திலும் இருக்கிறார்கள். அவர்களுடைய பெட்டியில் ஆங்கிலப் புத்தகம் எப்போதும் நல்லது, கோயில் மலர் எப்போதும் கெட்டது. அது மதிப்பீடு இல்லை.

வன்னியை ஆண்ட பண்டாரவன்னியனை எடுங்கள். வவுனியாக் கச்சேரியடியில் சிலை நிற்கிறது, எல்லாருக்கும் தெரிந்த ஆள். 1803 ஓகஸ்டில் முல்லைத்தீவுக் கோட்டையைப் பிடித்தார். ஒக்டோபர் 31-இல் பிரித்தானியக் கப்டன் வொன் டிரிபேர்க்கின் படை அவரைத் தோற்கடித்தது. கற்சிலைமடுவில் வெள்ளையர் நட்ட கல்லில் இருந்தது, இந்த இடத்துக்கு அண்மையில் பண்டாரவன்னியன் தோற்கடிக்கப்பட்டார் என்ற செய்தியும் அந்தத் தேதியும்தான். தோற்கடித்ததாகச் சொல்கிறது, கொன்றதாக இல்லை. அவர் அன்றே வீழ்ந்தார் என்பது ஒரு வழக்கு. தப்பி, 1811 வரை இருந்தார் என்பது இன்னொரு கூற்று. காக்கை வன்னியன் காட்டிக்கொடுத்தான் என்பது நாங்கள் நாடகங்களில் பார்த்து வளர்ந்தது. ஒரு கட்டுரை "1803 ஒக்டோபர் 31-இல் வீரமரணம் அடைந்தார்" என்று அடித்துச் சொல்லி நாலு அடிக்குறிப்பும் போட்டிருந்தால், பார்வைக்கு அது பலமான கட்டுரை. கல் இப்படிச் சொல்கிறது, இன்னார் இப்படிச் சொல்கிறார், நாடக மரபில் இப்படி வருகிறது என்று பிரித்து எழுதிய கட்டுரை தயங்கித் தயங்கிப் பேசுவதுபோல இருக்கும். எனக்கு இரண்டாவதுதான் நல்ல கட்டுரை. இதைச் சொன்னால் ஊரில் சிலருக்குப் பிடிப்பதில்லை, வீரத்தைக் குறைக்கிறேனாம். வற்றாப்பளைக் கண்ணகை அம்மன் பொங்கலில் கடல்நீரில் விளக்கெரிவதைப் பற்றி எழுதும்போதும் இதே பிரச்சினைதான். தீர்த்தமெடுக்கிற முறையையும் விளக்கேற்றுகிற சடங்கையும் நம்பிக்கையையும் உள்ளபடி எழுதலாம். கலைக்களஞ்சியம் அற்புதத்துக்குச் சாட்சி சொல்லவும் வேண்டாம், அதைக் கேலி பண்ணவும் வேண்டாம்.

ஆதாரத்தில் இன்னும் ஒரு கடினமான பகுதி இருக்கிறது. குளத்தைப் பற்றி எல்லாம் தெரிந்தவர் குளக்கட்டில் மாடு சாய்த்துக்கொண்டு நிற்கிற ஐயா. எந்தத் துருசு (மதகு) எப்போது திறப்பது, எந்த வருடம் கட்டு உடைத்தது, சிறுபோகத்துக்கு எத்தனை வயலுக்குத் தண்ணீர் எட்டும் என்று அவர் சொல்வார். ஆனால் சொந்த ஆய்வு கூடாது என்பது விக்கியின் விதி. அவர் சொன்னதை எங்காவது அச்சில் போட்டால்தான் உள்ளே வரும். இடம்பெயர்ந்து, வீட்டோடு கடதாசியும் போன ஊர்களில் அச்சில் இருந்ததும் மிச்சமில்லை. 2011-இல் இந்தியாவிலும் தென்னாபிரிக்காவிலும் வாய்மொழியைப் பதிவுசெய்து அதையே மேற்கோளாகக் காட்டும் முயற்சி ஒன்று விக்கிமீடியா ஆதரவோடு நடந்தது. விதியாக அது நிலைக்கவில்லை. எனக்கு இதில் இரண்டு மனம். விதியைத் தளர்த்தினால், நாளைக்கு ஒவ்வொருவரும் தன் அப்பாவைச் சாட்சிக்கு இழுப்பார், காணித் தகராறெல்லாம் கட்டுரைக்குள் வந்துவிடும். தளர்த்தாவிட்டால் ஐயாவோடு அது போய்விடும். ஆகவே பிள்ளைகளுக்குச் சொல்வது: ஐயா சொன்னதை முதலில் பாடசாலை மலரில் கட்டுரையாக எழுதுங்கள், ஆசிரியர் குழு பார்க்கட்டும், அச்சாகட்டும். பிறகு பார்ப்போம். சுற்றுவழிதான்.

இரக்கத்தால் வருகிற பிழையையும் சொல்லவேண்டும், அதை அதிகம் பேர் சொல்வதில்லை. "பாவம், வன்னிப் பிள்ளையள், போனில எழுதுதுகள்" என்று ஆதாரமில்லாத கட்டுரைக்கும் நல்ல பெயர் கொடுப்பது. வெளிநாட்டிலிருந்து வந்து பேச்சுப் பக்கத்தில் 'அருமை, வாழ்த்துகள்' என்று மட்டும் எழுதிவிட்டுப் போகிற அண்ணாமாரும் அக்காமாரும் இதைச் செய்கிறார்கள். அன்புக்கு நன்றி. ஆனால் அந்தப் பிள்ளைக்கு அதில் ஒன்றும் கிடைக்கவில்லை. ஆதாரம் கிடைக்காத விஷயத்தை எழுதாமல் விட்டதற்காக ஒரு கட்டுரையைக் குறைக்கக்கூடாது. எழுதிய விஷயத்துக்கு ஆதாரம் காட்டாமல் விட்டதற்குச் சலுகையும் கூடாது. எங்கள் குழுவில் இது மட்டும்தான் எழுதாத சட்டம்.

அந்தக் குளத்துக் கட்டுரைக்கு நான் பேச்சுப் பக்கத்தில் போட்ட கருத்தை இங்கே சுருக்கித் தருகிறேன். குளத்தின் பெயரை விடுகிறேன், எழுதியவளைக் காட்டிக்கொடுத்துவிடும். எந்தத் தேதி, எத்தனை மணிப் பதிப்பை வாசித்தேன் என்று முதலில் எழுதி அந்தப் பதிப்பின் இணைப்பையும் போட்டேன், பிறகு மாறினால் என் கருத்து அந்தரத்தில் தொங்கக்கூடாது. பாசனப் பரப்பு கட்டுரையில் ஏக்கரில் இருந்தது, கையேட்டில் ஹெக்டேயரில். மாற்றிப் பார்த்தேன், பொருந்தியது. குளம் நீர்ப்பாசனத் திணைக்களத்தின் கீழ் என்று எழுதியிருந்தாள். 80 ஹெக்டேயருக்குக் குறைந்த பாசனப் பரப்புள்ளவை சிறு குளங்கள், அவை வழமையாகக் கமநல அபிவிருத்தித் திணைக்களத்தின் பொறுப்பு. அவள் கொடுத்த பரப்பின்படி இது சிறு குளம், எனவே சரிபார்க்கச் சொன்னேன். வான் (மிகைநீர்) பாய்கிற திசை, துருசு, அலைகரை பற்றிய விவரிப்புத் தெளிவு, ஊர்ச்சொல்லில் இருந்தாலும் வெளியூராருக்கும் விளங்கும், மாற்றவேண்டாம் என்றேன். "மிகப் பழைமை வாய்ந்தது" என்ற வாக்கியத்துக்கு ஆதாரம் கேட்டேன்.

அடுத்த கிழமை திணைக்களத்தைத் திருத்தியிருந்தாள். பழைமைக்கு நூலகத்திலிருந்து ஒரு கோயில் மலரைத் தேடிப் பிடித்து, வன்னிமை (வன்னித் தலைவர்) ஒருவர் வெட்டுவித்த குளம் என்று சேர்த்திருந்தாள். எங்கேயோ இருக்கிற ஒரு பயனர் அதை நீக்கினார். அவள் திரும்பப் போட்டாள். அவர் திரும்ப நீக்கினார். பேச்சுப் பக்கத்தில் கொஞ்சம் சூடு ஏறியது. கடைசியில், "கோயிலின் கும்பாபிஷேக மலர் இக்குளத்தை வன்னிமை ஒருவர் வெட்டுவித்ததாகக் குறிப்பிடுகிறது" என்று எழுத இருவரும் உடன்பட்டார்கள். எனக்கும் சம்மதம்.

"அப்ப இப்ப குறுங்கட்டுரை வார்ப்புருவை எடுக்கலாமோ ரீச்சர்?"

"நான் எடுக்கமாட்டன். அதைப் போட்ட ஆளையே கேள்."

கேட்டிருக்கிறாள், இன்னும் பதில் வரவில்லை. இதற்கிடையில் குளக்கட்டில் நிற்கிற பெயர்ப்பலகையில் புனரமைப்பு வருடமும் செலவும் இருப்பதாகச் சொல்லி, அதைப் படமெடுத்து ஆதாரமாகப் போடலாமா என்று எனக்கு வட்சப்பில் எழுதியிருக்கிறாள். புனரமைப்புக்குப் போடலாம் என்று பதில் அனுப்பினேன். பலகை யாரோ அமைச்சர் திறந்தபோது நட்டது, அதனால் குளத்தின் வயதை மட்டும் அதிலிருந்து எடுக்கவேண்டாம் என்றும் சொல்லியிருக்கிறேன்.